காலங்கடந்த மேன்முறையீடு

தாமதித்து வழங்கப்படும் நீதி மறுக்கப்பட்ட நீதிக்கு ஒப்பானது என்று மேடைகளில் அடிக்கடி கேட்கிறோம். நீதியரசர்களும் சொல்கிறார்கள், அமைச்சர்களும் சொல்கிறார்கள். ஆனால், நீதியைக் கேட்டுச் செல்பவனே சற்றுத் தாமதித்துவிட்டால் என்ன நடக்கிறது என்பதைப்பற்றி எவரும் மேடையேறிப் பேசுவதில்லை. அவனுடைய மனு வாசிக்கப்படாமலே திரும்பி வருகிறது. அவன் குற்றம் செய்தானா, இல்லையா என்ற கேள்வி எழுவதே இல்லை. மனு எந்தத் திகதியில் வந்து சேர்ந்தது என்ற ஒரேயொரு கேள்வியுடன் கோவை மூடப்பட்டுவிடுகிறது.

அரசாங்க ஊழியர்களின் ஒழுக்காற்று மேன்முறையீடுகளில் இது எவ்வளவு சாதாரணமாக நிகழ்கிறது என்பதைப் பத்திரிகைத் தொழிலில்தான் அறிந்துகொண்டேன். தமிழ்த் தினசரி ஒன்றின் ஆசிரியபீடத்துக்கு நாளாந்தம் வருகின்றவர்களில் கவிஞர்களும் அரசியல்வாதிகளும் மட்டுமல்ல, கையில் தடித்த கோவையுடன் வரும் ஒரு கூட்டமும் உண்டு. பணி இடைநிறுத்தப்பட்ட லிகிதர், பதவியை வறிதாக்கியவராகக் கருதப்பட்ட ஆசிரியர், கட்டாய ஓய்வில் அனுப்பப்பட்ட களஞ்சியப் பொறுப்பாளர் எனப் பலரகத்தினர். அவர்களுள் பெரும்பாலானோர் எல்லாக் கதவுகளையும் தட்டி முடித்தபின்னரே பத்திரிகைக் காரியாலயத்தின் படியேறுவார்கள். கோவையின் கடைசித் தாளைப் பார்த்தால் விடயம் விளங்கிவிடும். மேன்முறையீடு உரிய காலத்துக்குள் கிடைக்காதபடியால் அதனைப் பரிசீலிக்க முடியாது என்று இரண்டு வரிகளில் ஒரு கடிதம் இருக்கும்.

இந்த இரண்டு வரிக் கடிதத்தைப்பற்றியே இங்கு எழுத விரும்புகின்றேன்.

முதலில், எமது நாட்டில் அரசாங்க ஊழியர் ஒருவருக்குத் திறந்திருக்கும் வழிகளை அறியாதோருக்காகச் சுருக்கமாகச் சொல்லிவிடுகிறேன். சுதந்திரத்துக்கு முற்பட்ட சோல்பரி அரசியலமைப்பு, அரசாங்க சேவை ஆணைக்குழுவை ஏற்படுத்தி, ஊழியர்களின் நியமனம், இடமாற்றம், ஒழுக்காற்றுக் கட்டுப்பாடு ஆகியவற்றை அதனிடம் ஒப்படைத்தது. 1972 ஆம் ஆண்டின் குடியரசு அரசியலமைப்பு அந்த அதிகாரத்தை அமைச்சரவையின் கைக்கு மாற்றியது. 1978 ஆம் ஆண்டின் அரசியலமைப்பிலும் அதிகாரத்தின் ஊற்றாக அமைச்சரவையே இருந்தது. 2001 ஒக்டோபரில் நிறைவேறிய 17 ஆவது திருத்தத்தின் மூலமே ஆணைக்குழுவுக்கு அந்த அதிகாரம் மீண்டும் கிடைத்தது. அதன்பின்னர் வந்த 18, 19, 20, 21 ஆவது திருத்தங்கள் ஆணைக்குழுவின் உறுப்பினர்களை யார் தெரிவுசெய்வது என்பதில் இழுபறிப்பட்டன என்பது வேறு கதை.

ஆணைக்குழு தனது அதிகாரத்தைச் செயலாளர்களுக்கும் திணைக்களத் தலைவர்களுக்கும் கையளித்து வைத்திருக்கின்றது. அவ்வாறு கையளிக்கப்பட்ட அதிகாரத்தின்கீழ் தண்டிக்கப்பட்டவர் ஆணைக்குழுவுக்கு மேன்முறையிடலாம். ஆணைக்குழுவின் தீர்மானத்தில் திருப்தியில்லையேல், நீதிச் சேவை ஆணைக்குழுவால் நியமிக்கப்படும் நிர்வாக மேன்முறையீட்டு நியாயசபைக்குச் செல்லலாம். 2002 ஆம் ஆண்டின் 4 ஆம் இலக்கச் சட்டம் அந்தச் சபைக்கு உருக்கொடுத்தது. இவை தவிர, அடிப்படை உரிமை மீறப்பட்டதாகக் கருதினால், அரசியலமைப்பின் 126 ஆவது உறுப்புரையின்படி ஒரு மாதத்துக்குள் உயர் நீதிமன்றத்தை நாடலாம்.

ஒவ்வொரு கதவுக்கும் ஒரு காலவரையறை உண்டு. அது இருக்கத்தான் வேண்டும் என்பதில் எனக்கு மாற்றுக் கருத்தில்லை. நிர்வாக சேவையிலிருந்து ஓய்வுபெற்ற நண்பர் ஒருவருடன் இதுபற்றிப் பலமுறை வாதாடியிருக்கிறேன். அவர் சொல்லும் நியாயங்களை இலகுவில் தட்டிவிட முடியாது. பணிநீக்கப்பட்டவரின் கதிரையில் இன்னொருவர் நியமிக்கப்பட்டு, அவருக்கும் குடும்பம், கடன், பதவியுயர்வு என்று ஒரு வாழ்க்கை உருவாகிவிடுகிறது. விசாரணையில் சாட்சி சொன்னவர்கள் இடம்மாறிப் போகிறார்கள். சிலர் இறந்தும் போகிறார்கள். காசேட்டுப் பக்கங்களைக் கறையான் அரிக்கிறது. இவற்றையெல்லாம்விட முக்கியமாக, அரசாங்கம் மாறட்டும் என்று நான்கு வருடங்கள் காத்திருந்து, தமக்கு வேண்டியவர் அமைச்சரானதும் மேன்முறையீட்டைத் தூசுதட்டி எடுப்போரும் இருக்கிறார்கள். காலவரையறை இல்லாவிட்டால் ஒழுக்காற்று நடவடிக்கை எதுவும் முடிவுக்கு வராது என்பார் அவர்.

நண்பரின் வாதத்தை ஏற்றுக்கொள்கிறேன். ஆனால், அது வேண்டுமென்றே தாமதித்தவனுக்குப் பொருந்தும் வாதம். தாமதிக்க வைக்கப்பட்டவனுக்கு அது எப்படிப் பொருந்தும்?

யாழ்ப்பாணத்தில் திணைக்களம் ஒன்றில் பணியாற்றிய லிகிதர் ஒருவரின் கதை இது. 2006 ஓகஸ்ட் 11 ஆம் திகதி ஏ 9 வீதி மூடப்பட்டு, குடாநாடு மற்றைய பகுதிகளிலிருந்து துண்டிக்கப்பட்டது. அரிசியும் சீனியும் கப்பலில் வந்தன. தபாலும் கடலையும் வானத்தையும் நம்பியே இருந்தது. அந்த நாட்களில்தான் அவரைப் பணிநீக்கும் கட்டளை கொழும்பில் ஒப்பமிடப்பட்டது. கட்டளையிலுள்ள திகதி ஒக்டோபர் மாதத்தின் முதல் வாரம். கடித உறையிலிருந்த கொழும்புத் தபால் முத்திரை அதற்கு ஒன்பது நாட்கள் பிந்தியது. யாழ்ப்பாணத் தபால் முத்திரையோ டிசம்பர் மாதத்துக்குரியது. கடிதம் கைக்குக் கிடைத்த ஐந்தாம் நாள் அவர் மேன்முறையீட்டை எழுதிப் பதிவுத் தபாலில் சேர்த்துவிட்டார். அது கொழும்பை அடைந்தபோது புதுவருடம் பிறந்துவிட்டது. கட்டளையின் திகதியிலிருந்து கணக்கிட்டு, காலங்கடந்தது என்று திருப்பி அனுப்பினார்கள்.

2007 ஆம் ஆண்டின் நடுப்பகுதியில், பயண அனுமதி பெற்று, திருகோணமலைவரை கப்பலிலும் அங்கிருந்து பஸ்ஸிலுமாக அவர் கொழும்பு வந்து எமது காரியாலயத்தில் அமர்ந்திருந்தார். இருபத்திரண்டு வருட சேவை. பணிநீக்கமென்றால் சம்பளம் மட்டுமல்ல, ஓய்வூதியமும் போய்விடும். அவர்மீதிருந்த குற்றச்சாட்டு, இடப்பெயர்வின்போது சில பதிவேடுகளைப் பாதுகாக்கத் தவறினார் என்பது. அதிலுள்ள நியாய அநியாயத்தை நான் தீர்மானிக்க முடியாது. ஆனால், அவர் கோவையின் நடுவே பிளாஸ்ரிக் உறையொன்றுக்குள் பத்திரப்படுத்தி வைத்திருந்த அந்தப் பழைய கடித உறை என் கண்ணைக் கவர்ந்தது. கடிதத்தைவிட உறையை அவர் கவனமாக வைத்திருந்தார். இரண்டு தபால் முத்திரைகளே அவருடைய சாட்சிகள். வேறு சாட்சி எவரும் அவருக்கு இல்லை.

இங்கே எழுகின்ற சட்டக் கேள்வி மிகவும் எளிமையானது. காலம் எந்த நாளிலிருந்து ஓடத் தொடங்குகிறது? கட்டளையில் ஒப்பமிட்ட நாளிலிருந்தா, அல்லது பாதிக்கப்பட்டவரின் கைக்கு அது கிடைத்த நாளிலிருந்தா? முதலாவதுதான் என்றால், ஒப்பமிட்ட கடிதத்தை மேசை லாச்சிக்குள் ஒரு மாதம் வைத்திருந்துவிட்டு அனுப்பும் அதிகாரி எவரும், மேன்முறையிடும் உரிமையையே இல்லாமற் செய்துவிடலாம். இந்தியாவின் மத்திய அரசாங்க ஊழியர்களுக்கான 1965 ஆம் ஆண்டின் ஒழுக்காற்று விதிகள் இதனைத் தெளிவாகவே சொல்கின்றன. கட்டளையின் பிரதி ஊழியரிடம் சேர்ப்பிக்கப்பட்ட நாளிலிருந்து 45 நாட்கள்; அதற்குப் பிந்தினாலும் போதிய காரணம் இருப்பதாகத் திருப்திப்பட்டால் மேன்முறையீட்டு அதிகாரி அதனை ஏற்கலாம். இரண்டு வாக்கியங்களில் அடங்கிவிடும் விதி. ஆனால், அந்த இரண்டு வாக்கியங்களுக்குள் ஒரு குடும்பத்தின் உலை கொதிப்பதும் கொதியாததும் தங்கியிருக்கிறது.

எமது உயர் நீதிமன்றமும் இந்தக் கேள்வியைச் சந்திக்காமல் இல்லை. 126 ஆவது உறுப்புரையின் ஒரு மாத எல்லை குறித்து, 1988 ஆம் ஆண்டில் கமஎத்திகே எதிர் சிறிவர்தன வழக்கில் நீதியரசர் மார்க் பெர்னாண்டோ அளித்த தீர்ப்பு இன்றுவரை மேற்கோள் காட்டப்படுவது. அதன் சாரம் இதுதான்: ஒரு மாத எல்லை கட்டாயமானது, மீறலும், தேவையான இடத்து அதுபற்றிய அறிவும் ஒன்றுசேரும்போது காலம் ஓடத் தொடங்குகிறது, வேறு நிவாரணங்களைத் தேடிக்கொண்டிருப்பது காலத்தை நிறுத்தாது, ஆனால், மனுதாரரிடத்தில் தவறோ அசட்டையோ தாமதமோ இல்லாத விதிவிலக்கான சந்தர்ப்பங்களில், இயலாததைச் செய்யுமாறு சட்டம் எவரையும் கட்டாயப்படுத்தாது என்ற பழைய இலத்தீன் கோட்பாட்டின்படி, காலங்கடந்த மனுவையும் ஏற்கும் தற்றுணிபு நீதிமன்றத்துக்கு உண்டு. தடுத்து வைக்கப்பட்டிருப்பவர் விடயத்தில், அவர் தடையின்றிச் செயற்படக்கூடிய நிலை வந்தபின்னரே காலத்தை எண்ண வேண்டும் என்று நமசிவாயம் எதிர் குணவர்தன வழக்கில் பிரதம நீதியரசர் சர்வானந்தா கருதினார். மனித உரிமைகள் ஆணைக்குழுவை அமைத்த 1996 ஆம் ஆண்டின் 21 ஆம் இலக்கச் சட்டமும், ஒரு மாதத்துக்குள் அங்கு முறையிட்டால், அந்த விசாரணை நடைபெறும் காலம் கணக்கில் சேராது என்று வழிசெய்தது.

ஆகவே, நாட்டின் அதியுயர் நீதிமன்றம் அரசியலமைப்பிலேயே எழுதப்பட்டுள்ள எல்லையைக்கூட மனிதாபிமானத்துடன் வாசித்திருக்கிறது. அப்படியிருக்க, ஒரு திணைக்களத்தின் தாபனக் கிளையில் அமர்ந்திருக்கும் பிரதம லிகிதர், விதியில் எழுதிய திகதியை மாத்திரம் பார்த்துக் கோவையை மூடுவது விசித்திரம் அல்லவா?

கமஎத்திகே தீர்ப்பின் இன்னொரு பகுதியை அரசாங்க ஊழியர்கள் மனப்பாடம் செய்துகொள்ள வேண்டும். வேறு நிவாரணங்களைத் தேடுவது காலத்தை நிறுத்தாது என்ற பகுதியே அது. அத்தீர்ப்பு அடிப்படை உரிமை மனுக்களைப் பற்றியதே எனினும், அது தரும் பாடம் எல்லா மேன்முறையீட்டுக்கும் பொதுவானது. எம்மவர்களிடம் ஒரு பழக்கம் இருக்கிறது. கட்டளை கிடைத்ததும் முதலில் ஓடுவது பாராளுமன்ற உறுப்பினரின் வீட்டுக்கு. அவர் அமைச்சருக்கு ஒரு கடிதம் தருவார். அமைச்சரின் இணைப்புச் செயலாளர் செயலாளருக்கு ஒரு குறிப்பு எழுதுவார். பின்னர் தொழிற்சங்கம், அதன்பின் ஜனாதிபதிக்கு ஒரு மனு. எல்லா இடத்திலிருந்தும் கடிதம் கிடைத்தது, உரிய நடவடிக்கைக்காக அனுப்பப்பட்டுள்ளது என்று பதில் வரும். அந்தப் பதில்களை ஒன்றன்மேல் ஒன்றாக அடுக்கி வைத்துக்கொண்டு, நடவடிக்கை நடக்கின்றது என்று அவர் நம்பியிருப்பார். உண்மையில் நடந்தது ஒன்றுதான். அவருடைய காலம் கழிந்தது. இரக்கம் கோருவது வேறு, மேன்முறையிடுவது வேறு என்பதை எவரும் அவருக்குச் சொல்லிக்கொடுப்பதில்லை.

அடுத்த பொறி, உரிய வழியூடாக அனுப்புதல் என்பது. ஊழியர் தனது மேன்முறையீட்டை நேரடியாக அனுப்பாமல் திணைக்களத் தலைவரூடாக அனுப்ப வேண்டும் என்பது எமது நிர்வாக மரபு. தலைவர் தமது அவதானிப்புகளையும் சேர்த்து மேலே அனுப்ப வேண்டும். நல்ல நோக்கத்துடன் ஏற்பட்ட மரபுதான். ஆனால், தண்டித்தவரும் அதே தலைவர் என்றால் என்னவாகும்? ஊழியர் உரிய காலத்தில் ஒப்படைத்த மனு, அவதானிப்புகள் எழுதப்படாமல் வாரக்கணக்கில் அதே மேசையில் கிடக்கும். மேலிடத்தை அடையும்போது காலம் கடந்திருக்கும். ஆட்டை நனைய விட்டுவிட்டு நனைந்ததற்காக அடிப்பது போன்ற காரியம் இது. முற்பிரதி ஒன்றை மேலிடத்துக்கு நேரே பதிவுத் தபாலில் அனுப்பி, பற்றுச்சீட்டைப் பத்திரப்படுத்தும் பழக்கமுள்ளவர்களே தப்பித்துக்கொள்கிறார்கள்.

மொழிப் பிரச்சினையையும் இதில் மறைப்பதற்கில்லை. 1956 ஆம் ஆண்டின் அரச கரும மொழிச் சட்டம் தமிழ் உத்தியோகத்தர்களை எவ்வாறு பாதித்தது என்பதற்கு கோடீஸ்வரன் வழக்கே வரலாற்றுச் சான்று. சிங்கள மொழித் தேர்ச்சி பெறாததால் சம்பள ஏற்றம் நிறுத்தப்பட்ட அந்த லிகிதர் சேவை உத்தியோகத்தர் தொடுத்த வழக்கு, 1969 ஆம் ஆண்டில் இலண்டன் கோமறைக் கழகம்வரை சென்றது. அரசாங்க ஊழியர் தமது சம்பளத்துக்காக அரசின்மீது வழக்குத் தொடுக்க முடியும் என்று அங்குதான் தீர்மானிக்கப்பட்டது. 1987 ஆம் ஆண்டின் 13 ஆவது திருத்தம் தமிழும் அரச கரும மொழியாதல் வேண்டும் என்று விதித்தது. ஆனாலும், தமிழில் மட்டும் வாசிக்கத் தெரிந்தவர்களின் கைக்குச் சிங்களத்தில் மட்டும் எழுதப்பட்ட ஒழுக்காற்றுக் கட்டளைகள் வந்து சேர்ந்ததை நான் என் கண்ணாலேயே கண்டிருக்கிறேன்.

மலையகத் தோட்டப் பாடசாலை ஒன்றில் கற்பித்த ஆசிரியை ஒருவரின் நிலை அதுதான். அவர் வாழ்ந்தது லயன் அறையொன்றில். லயன் அறைக்கென்று தனி முகவரி கிடையாது. தோட்டத்து மக்களுக்கு வரும் கடிதங்கள் தோட்டக் காரியாலயத்தில் வந்து குவிந்து, அங்கிருந்து யாராவது கொண்டுவந்து கொடுத்தால் உண்டு. பிரசவத்துக்குப்பின் நோய்வாய்ப்பட்டு விடுமுறையை நீடித்துக் கேட்ட அவருடைய கடிதம் கிடைக்கவில்லை என்று கூறி, பதவியை வறிதாக்கியவராகக் கருதும் அறிவித்தலை அனுப்பினார்கள். அது தோட்டக் காரியாலயத்தில் மூன்று வாரங்கள் கிடந்தது. கைக்கு வந்தபோது வாசிக்க முடியவில்லை. பட்டணத்துக்குச் சென்று ஒருவரைப் பிடித்து மொழிபெயர்த்து, அதன்பின் பதில் எழுதினார். தாமதத்துக்கான காரணத்தையும் விபரமாக எழுதியிருந்தார். அதிலே பொய் இருப்பதாக எவரும் சொல்லவில்லை. விதியில் இடமில்லை என்றே சொன்னார்கள். பின்னாளில் அவர் தோட்டத்துப் பிள்ளைகளுக்கு மாலைநேர வகுப்பு நடத்திப் பிழைத்தார். அரசாங்கப் பாடசாலை ஒரு நல்ல ஆசிரியையை இழந்தது என்று அந்தத் தோட்டத்துப் பெற்றோர் இன்றும் சொல்வர்.

விதியில் இடமில்லை என்ற இந்த வசனத்தைச் சற்று ஆராய்ந்து பார்ப்போம். எமது அரசாங்கத்துக்குத் தாமதத்தை மன்னிக்கத் தெரியாதா? நன்றாகவே தெரியும். யுத்தம் காரணமாகத் தங்கள் காணிகளை மீட்க உரிய காலத்தில் நீதிமன்றம் செல்ல முடியாதவர்களுக்காக, 2016 ஆம் ஆண்டின் 5 ஆம் இலக்க ஆட்சியுரிமை விசேட ஏற்பாடுகள் சட்டம் நிறைவேற்றப்பட்டது. 1983 மே மாதத்திலிருந்து 2009 மே மாதம் வரையான காலத்தை அது கணக்கிலிருந்து விலக்கியது. கொவிட் பெருந்தொற்றினால் உரிய காலத்தில் சட்டக் கடமைகளைச் செய்ய முடியாமற் போனவர்களுக்காக 2021 ஆம் ஆண்டின் 17 ஆம் இலக்கச் சட்டம் தற்காலிக ஏற்பாடுகளைச் செய்தது. அதுவும் 2020 மார்ச் மாதத்திலிருந்து பின்னோக்கிச் செல்லுபடியாகும் வகையில். இயலாமை என்பது ஒரு நியாயமான காரணம் என்பதைப் பாராளுமன்றமே இருமுறை ஒப்புக்கொண்டுவிட்டது. காணியை இழந்தவனுக்குக் காட்டிய அந்த இரக்கம், அதே யுத்தத்தில் உத்தியோகத்தை இழந்தவனுக்கு ஒரு பொதுவிதியாகக் கிடைக்கவில்லை என்பதே என் ஆதங்கம்.

இன்னொரு வேடிக்கையும் உண்டு. ஆட்சி மாறும்போதெல்லாம் அரசியல் பழிவாங்கலுக்கு ஆளானவர்களுக்கு நிவாரணம் வழங்குவதற்கென்று குழுக்கள் அமைக்கப்படுகின்றன. 2020 ஜனவரியில், அதற்கு முந்திய ஆட்சிக் காலத்து அரசியல் பழிவாங்கல்களை ஆராய ஜனாதிபதி ஆணைக்குழுவே நியமிக்கப்பட்டது. வருடக்கணக்கில் கிடந்த முறைப்பாடுகளெல்லாம் அங்கே புத்துயிர் பெறுகின்றன. அதாவது, அரசியல் செல்வாக்குள்ளவனின் ஐந்து வருடத் தாமதம் ஒரு தாமதமே அல்ல. செல்வாக்கற்றவனின் பத்தொன்பது நாள் தாமதம் மன்னிக்க முடியாத குற்றம். காலவரையறை எல்லோருக்கும் ஒன்றே என்று வாதிடும் என் நிர்வாக சேவை நண்பர், இந்தக் கட்டத்துக்கு வந்ததும் மௌனமாகிவிடுவார்.

அரசாங்கம் தன் தாமதத்தை எப்படி நோக்குகின்றது என்பதையும் பார்க்க வேண்டும். ஒழுக்காற்று விசாரணைகளை விரைந்து முடிக்க வேண்டும் என்று தாபன விதிக்கோவையும் சுற்றறிக்கைகளும் திரும்பத் திரும்பச் சொல்கின்றன. நடைமுறையில், பணி இடைநிறுத்தப்பட்டவர் குற்றப்பத்திரத்துக்காகவே வருடக்கணக்கில் காத்திருப்பதும், விசாரணை முடிந்தபின் தீர்ப்புக்காகக் காத்திருப்பதும் சர்வசாதாரணம். அந்தத் தாமதத்துக்காக எந்தக் குற்றப்பத்திரமும் செல்லாமற் போனதாக நான் அறிந்த கோவைகளில் இல்லை. ஐந்து வருடம் தாமதித்த ஒரு நிர்வாகம், ஐந்து வாரம் தாமதித்த ஒரு மனிதனைப் பார்த்து நேரந்தவறாமையைப் போதிப்பது எந்த வகையில் நியாயம்?

அயல்நாட்டு அனுபவங்களும் எமக்குப் பாடமாகலாம். 1987 ஆம் ஆண்டில் அனந்தநாக் காணி சுவீகரிப்புச் சேகரிப்பாளர் எதிர் கத்திஜி வழக்கில், நான்கு நாட்கள் பிந்திய ஒரு மேன்முறையீட்டை இந்திய உயர் நீதிமன்றம் ஏற்றுக்கொண்டது. தொழில்நுட்பக் குறையும் உண்மையான நீதியும் எதிரெதிராக நிற்கும்போது நீதிக்கே முதலிடம் என்பது அந்தத் தீர்ப்பின் உயிர்நாடி. அங்கு பிந்தி வந்தது ஏழை ஊழியர் அல்ல, அரசாங்கம்தான் என்பதைக் கவனிக்க வேண்டும். ஆனால், 2012 ஆம் ஆண்டில் அதே நீதிமன்றம் 427 நாட்கள் பிந்தி வந்த ஓர் அரசாங்கத் திணைக்களத்தின் மேன்முறையீட்டை நிராகரித்தது. கோவைகள் மேசைக்கு மேசை நகர்வதால் தாமதமாயிற்று என்ற வழக்கமான சாட்டு இனிச் செல்லாது என்றது. அந்தத் திணைக்களம் எது தெரியுமா? தபால் திணைக்களம்! கடிதங்கள் உரிய நேரத்தில் போய்ச் சேர வேண்டும் என்பதற்காகவே இருக்கும் திணைக்களம்.

அமெரிக்காவில் நடந்த இன்னொரு வழக்கு இன்னும் பொருத்தமானது. பாதுகாப்புத் திணைக்களத்தின் சிவில் ஊழியர் ஒருவர், 2013 ஆம் ஆண்டில் தம்மைச் சம்பளமின்றி ஆறு நாட்கள் வீட்டிலிருத்தியதை எதிர்த்து, கூட்டாட்சி ஊழியர்களின் முறையீடுகளை விசாரிக்கும் சபைக்குச் சென்றார். அந்தச் சபை 2017 தொடக்கம் 2022 வரை ஐந்து வருடங்களுக்கு மேலாகக் கோரமின்றிச் செயலற்றிருந்தது. ஒருவாறு 2022 மே மாதத்தில் அவருக்கெதிராகத் தீர்ப்பு வந்தபோது, அது அவருடைய பழைய மின்னஞ்சல் முகவரிக்கு அனுப்பப்பட்டது. அவர் அறிந்தபோது மேன்முறையிடுவதற்கான 60 நாட்களும் கடந்துவிட்டன. மேன்முறையீட்டு நீதிமன்றம் தனக்கு அதிகாரமே இல்லை என்று கைவிரித்தது. 2024 மே மாதத்தில் அமெரிக்க உயர் நீதிமன்றம் ஏகமனதாக அதனைத் திருத்தியது. 60 நாள் எல்லை நீதிமன்றத்தின் கையைக் கட்டிப்போடும் சுவர் அல்ல. நியாயமான காரணமிருந்தால் நெகிழக்கூடியது. இவருடைய காரணம் நியாயமானதா என்பதை ஆராயுங்கள் என்று வழக்கைத் திருப்பி அனுப்பியது.

அந்தச் சபையில் 1980 ஆம் ஆண்டிலிருந்தே தாமதத்தை எடைபோடுவதற்குச் சில அளவுகோல்கள் உள்ளன. எத்தனை நாள் பிந்தியது, கால எல்லை அந்த ஊழியருக்கு அறிவிக்கப்பட்டிருந்ததா, தாமதம் அவருடைய கட்டுப்பாட்டுக்கு அப்பாற்பட்டதா, அவர் அசட்டையாக இருந்தாரா, நோயோ அனர்த்தமோ குறுக்கிட்டதா, எதிர்த்தரப்புக்கு அதனால் உண்மையான பாதிப்பு உண்டா என்பன அவற்றுட் சில. இவை எவருக்கும் விளங்கக்கூடிய கேள்விகள். இவற்றைக் கேட்பதற்குச் சட்டப் பட்டமும் தேவையில்லை. ஆறு கேள்விகளைக் கேட்டு, பதிலைக் கோவையில் எழுதிவைத்தால் போதும்.

எமது ஆணைக்குழுக்களும் நியாயசபையும் தாமதத்தை மன்னிக்கும் தற்றுணிபைக் கருணையாக அல்லாமல் கடமையாகக் கருத வேண்டும் என்பதே என் தாழ்மையான கருத்து. அதற்குப் பெரிய சட்டத் திருத்தங்கள் வேண்டியதில்லை. தண்டனைக் கட்டளை ஒவ்வொன்றிலும், யாருக்கு, எத்தனை நாளுக்குள், எந்த முகவரிக்கு மேன்முறையிட வேண்டும் என்ற குறிப்பு ஊழியரின் மொழியில் இருக்க வேண்டும். அந்தக் குறிப்பு இல்லாத கட்டளைக்குக் காலம் ஓடக்கூடாது. காலம், கட்டளை கைக்குக் கிடைத்த நாளிலிருந்தே எண்ணப்பட வேண்டும். திணைக்களத் தலைவரிடம் மனு ஒப்படைக்கப்பட்ட நாளே மேன்முறையீடு செய்யப்பட்ட நாளாகக் கொள்ளப்பட வேண்டும். காலங்கடந்தது என்று நிராகரிப்பதானால், தாமதத்துக்குக் கூறப்பட்ட காரணம் ஏன் ஏற்கப்படவில்லை என்பதை இரண்டு வரியில் அல்ல, இருபது வரியிலாவது எழுத வேண்டும். காரணம் எழுத வேண்டியிருந்தால், எழுதுபவர் முதலில் மனுவை வாசித்தாக வேண்டும் அல்லவா?

ஊழியர்களுக்கும் ஒரு வார்த்தை. கட்டளை கிடைத்த அன்றே திகதியைக் குறித்துக்கொள்ளுங்கள். கடித உறையை எறிந்துவிடாதீர்கள். பாராளுமன்ற உறுப்பினரிடம் செல்வதானால் செல்லுங்கள். ஆனால், அதற்கு முன் மேன்முறையீட்டைப் பதிவுத் தபாலில் சேர்த்துவிடுங்கள். விசாரணைக் குறிப்புகளின் பிரதி கிடைக்கவில்லை என்பதற்காகக் காத்திருக்க வேண்டாம். பிரதி கிடைத்தபின் மேலதிகக் காரணங்களைச் சமர்ப்பிப்பேன் என்று எழுதி ஒரு பக்க மனுவையாவது அனுப்பிவிடுங்கள். 2016 ஆம் ஆண்டின் 12 ஆம் இலக்கத் தகவலறியும் உரிமைச் சட்டம் வந்தபின், உங்கள் கோவையில் என்ன இருக்கிறது என்று கேட்கும் உரிமை உங்களுக்கு உண்டு. பிந்திவிட்டால், பிந்தியதை மறைக்காமல், எந்த நாள் என்ன நடந்தது என்று திகதிவாரியாக எழுதி, சான்றுகளை இணைத்து, மனுவின் முதற் பந்தியிலேயே மன்னிப்பைக் கேளுங்கள். கேளாத மன்னிப்பை எந்த அதிகாரியும் தாமாகத் தரமாட்டார்.

அந்த யாழ்ப்பாணத்து லிகிதர் அவ்வாறே செய்தார். இரண்டு தபால் முத்திரைகளும் தெரியும்படி உறையைப் பிரதியெடுத்து, வீதி மூடப்பட்ட நாளையும் குறிப்பிட்டு, மீண்டும் எழுதினார். மறுவருடம் அவருடைய மேன்முறையீடு விசாரணைக்கு எடுக்கப்பட்டது. குற்றச்சாட்டில் ஒரு பகுதி நிரூபிக்கப்பட்டதாகவே தீர்மானித்தார்கள். ஆனால், அதற்குப் பணிநீக்கம் மிகையான தண்டனை என்று கண்டு, சம்பள ஏற்றத்தை நிறுத்துவதோடு நின்றுகொண்டார்கள். அவர் ஓய்வூதியத்துடன் சேவையிலிருந்து விடைபெற்றார். ஒரு மனுவை வாசிப்பதற்கும் வாசிக்காமல் விடுவதற்கும் இடையிலான வித்தியாசம் அவ்வளவுதான்.

தோட்டத்து ஆசிரியையின் மனுவை எவரும் இதுவரை வாசிக்கவில்லை.